கனகவேணியின் ஈரக் கூந்தல்

கொம்பனேந்தல் கண்மாய் கடைசியாக நிறைந்த வருஷத்தில் பிறந்த பிள்ளைகள் வளர்ந்து, கல்யாணம் முடித்து, அவர்களுக்கும் பிள்ளைகள் பிறந்து, அந்தப் பிள்ளைகள் கண்மாய் என்றால் கிரிக்கெட் விளையாடுகிற பொட்டல் என்று நினைத்துக்கொண்டிருந்த காலத்தில், ஒரு சித்திரை மாத மத்தியானம், பரமக்குடியிலிருந்து வந்த பஸ்ஸில் நடிகை கனகவேணி ஒரு பெட்டியோடும் ஒரு பாயோடும் வந்து இறங்கினாள். தலையில் துண்டு சுற்றியிருந்தாள். டீக்கடையில் இருந்தவர்கள் எழுந்து நின்றார்கள். முகம் தொங்கி, கண்ணுக்குக் கீழே பை விழுந்து, நடை தளர்ந்திருந்தாலும், அவளை அடையாளம் தெரியாதவர்கள் அந்த ஊரில் கிடையாது. பிறந்த குழந்தை தாய்மாமன் முகத்தைப் பார்ப்பதற்கு முன்னால் வடிவின் முகத்தைப் பார்த்துவிடும் ஊர் அது.

வடிவு என்பது அவள் நடித்த பாத்திரம். படத்தின் பெயர் ‘நிறைகண்மாய்.’ கண்மாய் நிரம்பி வழிந்து மறுகால் போன அந்தக் கடைசி வருஷத்தில்தான் மெட்ராஸிலிருந்து கேமராவும் குடையும் லாரியுமாக வந்து, கொம்பனேந்தலிலேயே தங்கி அதைப் படம்பிடித்தார்கள். வந்த வேகத்தில் தியேட்டரைவிட்டு ஓடிப்போன கறுப்பு வெள்ளைப் படம். பிறகு எவரோ ஒரு பெட்டிக்குள்ளிருந்து அதை எடுத்துத் தூசி தட்டி, காலேஜ்களில் போட்டு, வெளிநாட்டில் போட்டு, அதற்கப்புறம் தமிழ்நாட்டில் சினிமாவைப் பற்றிப் பேசுகிற வாய் எல்லாம் வடிவு வடிவு என்று பேச ஆரம்பித்தது. கனகவேணி அதற்கு முன்னும் பின்னும் கதாநாயகியின் தோழியாக, நர்ஸாக, மணப்பெண்ணின் அக்காவாக எத்தனையோ படங்களில் வந்துபோயிருந்தாள். ஒன்றையும் யாரும் ஞாபகம் வைத்துக்கொள்ளவில்லை. பேங்க்கில், ரேஷன் கடையில், ஆஸ்பத்திரி வரிசையில் அவளைப் பார்த்தவர்கள் எல்லோரும் “நீங்க வடிவுதானே?” என்று கேட்டார்களே தவிர, வேறெதுவும் கேட்டதில்லை.

எல்லோரும் பேசுவது கடைசிக் காட்சியைத்தான். செய்யாத தப்புக்கு ஊர் பழி சுமத்த, வடிவு இடுப்பில் குடத்தோடு கண்மாய்க்குள் இறங்குகிறாள். முழங்கால், இடுப்பு, மார்பு, கழுத்து என்று தண்ணீர் ஏறுகிறது. கரையில் ஊர்ப் பெண்கள் வரிசையாக நின்று பார்க்கிறார்கள், ஒருத்தியும் அசையவில்லை. வடிவின் கை மேலே வருகிறது, வாய் திறக்கிறது, முகம் உள்ளே போகிறது, மறுபடியும் மேலே வருகிறது, அவள் கரையைப் பார்க்கிறாள், புல்லாங்குழல் கேட்கிறது, பிறகு வெறும் தண்ணீர் மட்டும் இருக்கிறது. அப்படி ஒரு நடிப்பை இந்தத் தேசம் பார்த்ததில்லை என்று எழுதினார்கள்.

கரையில் நின்றவர்கள் கொம்பனேந்தல் பெண்கள்தான். தாலியில் மஞ்சள் காயாத பஞ்சவர்ணம் என்கிற புதுப்பெண்ணும் அந்த வரிசையில் நின்றிருந்தாள். “நான் சொல்ற வரைக்கும் ஒருத்தரும் அசையக் கூடாது, என்ன நடந்தாலும் சரி” என்று டைரக்டர் சொல்லியிருந்தார். கண்மாய்க்குள் செங்கலுக்கு மண்ணெடுத்த பள்ளம் இருந்தது வெளியூர்க்காரர்களுக்குத் தெரியாது, ஊர்க்காரர்களுக்குத் தெரியும். கனகவேணி அந்தப் பள்ளத்தில் கால் வைத்தாள். “அம்மா, யாராவது வாங்களேன்” என்று அவள் கத்தியது கரை முழுக்கக் கேட்டது. அது வசனம் இல்லை என்பது பெண்களுக்குப் புரிந்தது. ஆனாலும் பெரிய மனுஷன் ஒருத்தர் அசையக் கூடாது என்று சொல்லியிருக்கிறார், பக்கத்தில் நிற்பவள் அசையவில்லை, நாம் மட்டும் எப்படி அசைவது என்று ஒவ்வொருத்தியும் நின்றாள். கேமரா தூக்குகிற பையன்தான் கடைசியில் சட்டையோடு குதித்து முடியைப் பிடித்து இழுத்துவந்தான். கத்திய சத்தத்தின் மேல் படக்காரர்கள் பிற்பாடு புல்லாங்குழலைப் போட்டுக்கொண்டார்கள். ஊரில் அதைப் பற்றி ஒருவரும் ஒருவரிடமும் பேசியதில்லை.

அப்பேர்ப்பட்டவள் வந்து பஸ் ஸ்டாப்பில் நின்று, “இங்க வாடகைக்கு ஒரு ரூம் கிடைக்குமா?” என்று கேட்டபோது, பஞ்சவர்ணம்தான் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து பெட்டியை வாங்கிக்கொண்டாள். புருஷன் போய்ச் சேர்ந்துவிட்டான், மகன் துபாயில் இருந்தான், வீட்டில் அவளும் மருமகள் சுகந்தியும்தான். மாடியில் ஒற்றை அறை சும்மா கிடந்தது. வாடகை என்று அவள் ஒன்றும் பேசவில்லை.

“மெட்ராஸ்ல இல்லாத வீடாக்கா? இந்தக் காஞ்ச ஊர்ல வந்து என்ன செய்யப் போறீக?”

“காஞ்ச ஊரா இருக்கட்டும்னுதான் வந்தேன்” என்றாள் கனகவேணி. அதற்கு என்ன அர்த்தம் என்பது பஞ்சவர்ணத்துக்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை விளங்கியது.

ஊருக்குக் கேபிள் டிவி கொடுக்கும் சோலைராசு, வடிவே வந்திருக்கும்போது மரியாதை செய்யாமல் இருப்பது எப்படி என்று, அந்த ஞாயிற்றுக்கிழமை தன் சொந்தச் சேனலில் ‘நிறைகண்மாய்’ போட்டான். ஊரே டிவி முன்னால் உட்கார்ந்திருந்தது. கடைசிக் காட்சி வந்து, வடிவு கழுத்தளவு தண்ணீரில் நிற்கும்போது, பஞ்சவர்ணத்தின் வீட்டு மாடிப்படியில் தண்ணீர் இறங்கி வந்தது. முதல் படியில் வழிந்து, இரண்டாவது படியில் விழுந்து, பூனை வருவதுபோலச் சத்தமில்லாமல் கூடத்துக்குள் வந்து சுகந்தியின் காலை நனைத்தது. குடம் சாய்ந்துவிட்டதோ என்று பஞ்சவர்ணம் மாடிக்கு ஓடினாள். சாய்வதற்கு அங்கே குடமே இல்லை. கனகவேணி தரையில் தலையைச் சாய்த்து உட்கார்ந்திருந்தாள். துண்டு அவிழ்ந்து கிடந்தது. நரைத்த நீளமான கூந்தலிலிருந்து, தெருக்குழாயைத் திறந்துவிட்டதுபோலத் தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது.

“பயப்படாதே. படம் முடிஞ்சா நின்னுடும்” என்றாள் கனகவேணி. “எங்க யார் பார்த்தாலும் இப்படித்தான். ஒருத்தர் ரெண்டு பேர் பார்த்தா சொட்டும். கூட்டமாப் பார்த்தா கொட்டும். மெட்ராஸ்ல கீழ்வீட்டுக்காரங்க சுவர் ஓதம் அடிக்குதுன்னு சண்டைக்கு வந்து, வீடு வீடா மாறி அலுத்துப்போச்சு.”

பஞ்சவர்ணம் துண்டை எடுத்தாள். எடுத்தவள், நனைந்த விரலை மூக்குக்குக் கொண்டுபோனாள், பிறகு நாக்குக்குக் கொண்டுபோனாள். அல்லிக் கிழங்கும் வண்டலும் நாணல் வேரும் கலந்த வாசனை. அந்த வருஷத்துக்குப் பிறகு அவள் முகராத வாசனை.

“அக்கா, இது எங்க கண்மாய்த் தண்ணியில்ல?” என்றாள்.

விஷயம் பொழுது சாய்வதற்குள் ஊர் முழுக்கத் தெரிந்தது. கொம்பனேந்தலில் யாரும் வாயைப் பிளக்கவில்லை. ஆழ்துளைக் குழாயில் உப்புநீர் வந்து, அதுவும் நின்று, லாரிக்காகக் குடத்தை வரிசையில் போட்டுவிட்டு அதன் பக்கத்திலேயே பொழுதைக் கழித்த ஜனங்கள் கேட்டது இரண்டே கேள்விதான். குடிக்கலாமா? தினமும் வருமா? ஒரு சொம்பு எடுத்துப்போய்ப் பருப்பு வேகவைத்துப் பார்த்தார்கள். பருப்பு மலர்ந்து வெந்தது. பஞ்சாயத்துத் தலைவர் வீரபத்திரன் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, தேங்காய் பழத்தோடு மாடியேறி வந்து, கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

“அம்மா, கேக்கவே கூச்சமா இருக்கு. ஊர்ப் பொம்பளைக தண்ணிக்குப் படுற பாட்ட நீங்களே பார்த்திருப்பீக. சோலைராசு தினம் காலையில அந்தக் கடைசிக் கட்டத்த மட்டும் போட்டான்னா...”

பஞ்சவர்ணம் கதவோரம் நின்றிருந்தாள். கனகவேணி ஜன்னல் வழியாகக் கீழே பார்த்தாள். தெருவில் பெண்கள் நிமிர்ந்து அவள் ஜன்னலையே பார்த்துக்கொண்டு நின்றார்கள், அன்று கண்மாய்க்கரையில் நின்றதுபோலவே வரிசையாக நின்றார்கள். அவள் கொஞ்ச நேரம் அவர்களைப் பார்த்துவிட்டு, “போடச் சொல்லுங்க” என்றாள். “அந்தப் படம் எனக்கு ஒண்ணும் தரல. உங்களுக்காவது தரட்டும். அதோட, மெட்ராஸ்ல என் வாசல்ல வந்து யாரும் நின்னு ரொம்ப நாளாச்சு.”

அப்படி ஆரம்பித்தது. காலையில் பால்காரர் போனதும் கோயில் ஒலிபெருக்கியில் தலைவரின் குரல் கேட்கும். “அன்பான பொதுமக்களே, படம் போடும் நேரம் ஆகிவிட்டது, அனைவரும் தங்கள் வீட்டு டிவி முன் அமரும்படி கேட்டுக்கொள்கிறோம்.” பார்க்கிற கண் கூடக்கூடத் தண்ணீர் கூடும் என்பது தெரிந்ததால், விருந்துக்கு வந்தவர்களையும் உட்காரவைத்தார்கள், பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பிய பிள்ளைகளைப் பையோடு உட்காரவைத்தார்கள், பெண் பார்க்க வந்த மாப்பிள்ளை வீட்டாரைப் பஜ்ஜி கொடுத்து உட்காரவைத்தார்கள். கண் புரை விழுந்த பெரியவர்களுக்கு மட்டும் விலக்கு உண்டு. கொத்தனார் ஒருவர், கைக்காசு போட்டு, மாடியறையில் கனகவேணி தலைசாய்த்து உட்கார வசதியாக ஒரு சின்னத் தொட்டி கட்டி, வெள்ளை டைல்ஸ் ஒட்டி, அதிலிருந்து பின்சந்து வரைக்கும் ஒரு குழாய் இறக்கினார். குழாய்க்குக் கீழே பச்சையும் நீலமும் ஆரஞ்சுமாகக் குடங்கள் நின்றன. முதல் குடத்துக்குக் குங்குமம் வைத்தார்கள். ஆடி மாதம் அவளுக்குப் பட்டுப்புடவை எடுத்துக் கொடுத்தார்கள். ஊரில் வாழைக்கன்று வைத்தார்கள், எருமை வாங்கினார்கள், வெயில் காலத்தில் கல்யாணம் வைக்கத் துணிந்தார்கள்.

கொம்பனேந்தலில் தண்ணீர்க் கஷ்டம் இல்லை என்று எழுதிக்கொண்டு அதிகாரிகள் லாரியை நிறுத்திவிட்டார்கள். யாரும் ஏன் என்று கேட்கவில்லை.

குங்குமம் வைப்பது முதலில் நின்றது. பிறகு தேங்காய் பழம் நின்றது. பிறகு பேச்சு மாறியது. “இன்னைக்கு என்ன, கலங்கலா வருது?” என்று கீழே இருந்து சத்தம் வரும். “அந்தம்மா சரியாத் தலையக் குடுக்கலபோல, பஞ்சவர்ணத்துக்கிட்டச் சொல்லுங்க” என்று ஒருத்தி சொல்வாள். கனகவேணி சளியில் படுத்திருந்த ஒரு நாள், பின்சந்தில் குடத்தைத் தட்டித் தாளம் போட்டார்கள். அவள் போர்வையோடு எழுந்துபோய்த் தொட்டியில் தலையைச் சாய்த்தாள்.

நாள் முழுக்கத் தண்ணீரில் கிடந்ததுபோல அவளுடைய உள்ளங்கை வெளுத்துச் சுருங்கிவிட்டது. கத்திரி வெயிலில் கம்பளி போர்த்திக்கொண்டு நடுங்கினாள். பஞ்சவர்ணம் தினமும் அவள் தலையைத் துவட்டி, சாம்பிராணிப் புகை காட்டி, அடிமயிரில் விரல்விட்டுக் கோதிக் காயவைப்பாள். காய்ந்துகொண்டிருக்கும்போதே மறுநாள் வந்துவிடும். ஒரு நாள் அப்படித் துவட்டிக்கொண்டிருந்தபோது கனகவேணி கேட்டாள்.

“பஞ்சவர்ணம், அந்தப் படம் எடுத்தப்ப நீ இந்த ஊர்லதான் இருந்தியா?”

துண்டு நின்றது. கனகவேணி அந்தப் படத்தை ஒரு தரம்கூடப் பார்த்ததில்லை என்று சொல்லியிருந்தது பஞ்சவர்ணத்துக்கு ஞாபகம் வந்தது.

“இல்லக்கா” என்றாள். “அப்ப எனக்குக் கல்யாணமே ஆகல. அதுக்கப்புறம்தான் வாக்கப்பட்டு வந்தேன்.”

“ஓ” என்றாள் கனகவேணி. அவ்வளவுதான்.

அதற்குப் பிறகு காலையில் டிவி முன்னால் உட்காரும்போதெல்லாம், கரையில் நிற்கும் வரிசையில் தன் பதினெட்டு வயது முகத்தைப் பார்க்க முடியாமல் பஞ்சவர்ணம் கண்ணை மூடிக்கொள்வாள். கண்ணை மூடினால் புல்லாங்குழலுக்கு அடியிலிருந்து அந்தச் சத்தம் கேட்டது. அவள் கண் இரண்டும் குறைந்ததால் தண்ணீர் குறைந்ததா என்றால் இல்லை. ஊரில் கண்ணுக்கா பஞ்சம்?

ஐப்பசியும் பொய்த்துப்போன வருஷத்தில் கனகவேணிக்கு மூச்சு இழுக்க ஆரம்பித்தது. ஆட்டோ வைத்து ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனாள் பஞ்சவர்ணம். டாக்டர் சின்ன வயசுப் பெண். ஸ்டெதஸ்கோப்பை வைத்த இடத்திலேயே ரொம்ப நேரம் வைத்திருந்துவிட்டு, “நெஞ்சு பூரா நீர் கோத்திருக்கு. இவங்கள நனையவே விடக் கூடாது. இன்னும் கொஞ்ச நாள் இப்படியே போச்சுன்னா, படுக்கையிலேயே மூழ்கிப்போனவங்க மாதிரி ஆயிடுவாங்க” என்றாள்.

அன்று மாலையே பஞ்சவர்ணம் கோயில் வாசலில் ஊரைக் கூட்டச் சொன்னாள். அவள் வாழ்நாளில் கூட்டத்தில் பேசியது அதுதான் முதல் தடவை.

“டாக்டரம்மா சொல்லிட்டாக. இனி ஒரு தரம் படம் போட்டா அந்த மனுசி உசுரு இருக்காது. நாம என்ன செய்யப் போறோம்?”

கைக்குழந்தையோடு இருந்த ஒருத்தி, “அப்ப தண்ணிக்கு?” என்று மெதுவாகக் கேட்டாள். கேட்டுவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள்.

“தண்ணிக்கு ரோட்டுல போய் உக்காருவோம். லாரி வர்ற வரைக்கும் உக்காருவோம். அதுக்காக ஒருத்தியக் கொல்லுவீகளா?”

கொல்லுவது என்ற வார்த்தை விழுந்ததும் ஊர் அசைந்தது. தலைவர் வீரபத்திரன் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு எழுந்தார். சூடம் ஏற்றி, வீட்டுக்கு ஒருவராக வந்து கையால் அணைத்துச் சத்தியம் செய்தார்கள், இனி அந்தப் படத்தைக் கண்ணால் பார்ப்பதில்லை என்று. சோலைராசு எல்லோருக்கும் முன்னால் அந்த டிஸ்க்கை இரண்டாக உடைத்துப் போட்டான். பஞ்சவர்ணம் பின்சந்துக் குழாயின் வாயில் துணியை அடைத்தாள். மறுநாள் பெண்கள் காலிக் குடங்களோடு ரோட்டில் உட்கார்ந்தார்கள். தாசில்தார் வந்தார், போனார், கடைசியில் வாரத்துக்கு ஒரு லாரி வந்தது. அதில் வந்த தண்ணீர் மஞ்சளாக இருந்தது.

கனகவேணியின் மூச்சு கொஞ்சம் சீரானது. ஆனால் கூந்தல் காயவில்லை.

காலையில் காய்ந்திருக்கும் முடி மத்தியானத்தில் சொட்டும். சொட்டுவது சில நேரம் ஒழுகும். “மதுரையில யாராவது பார்ப்பாங்க, விடு. காலேஜ் பசங்களா இருக்கும்” என்பாள் கனகவேணி. மதுரையில் பார்த்தால் சொட்டும், இப்படி ஒழுகாது என்பது பஞ்சவர்ணத்துக்குத் தெரியும். அவள் கூந்தலைத் துண்டில் இறுக்கிச் சுற்றிவிட்டுக் கீழே போய்வந்தால், துண்டு அவிழ்ந்து கிடக்கும், முடி தொட்டிக்குள் தொங்கும்.

“ஏன்க்கா அவுத்தீக?”

“தரை நனையுதில்ல” என்று கனகவேணி வேறு பக்கம் பார்ப்பாள்.

பின்சந்துக்குப் போய்ப் பார்த்தால், குழாய் வாயில் அடைத்த துணி இருந்தது, ஆனால் அது அவள் அடைத்த மாதிரி இல்லை. கீழே மண் ஈரமாக இருந்தது. குடம் வைத்த வட்டம் ஒன்றன்மேல் ஒன்றாகப் பதிந்திருந்தது.

பஞ்சவர்ணம் மத்தியான வெயிலில் தெருத்தெருவாக நடந்தாள். அந்தப் புழுக்கத்தில் ஜன்னல்கள் சாத்தியிருந்தன. எந்த வீட்டிலிருந்தும் புல்லாங்குழல் கேட்கவில்லை. சோலைராசுவின் கடைக்குப் போய், “யாருடா பாக்குறது?” என்றாள்.

“மதினி, என்கிட்ட டிஸ்க்கே இல்ல, நீங்களே பாத்தீகல்ல” என்றான் அவன். அவளை நிமிர்ந்து பார்க்காமல் ஒரு ரிமோட்டைப் பிரித்து மாட்டிக்கொண்டிருந்தான். “ஆனா இப்ப டிஸ்க் யாருக்கு வேணும்? போன்லதான் எல்லாருக்கும் இருக்கே. சத்தத்த அணைச்சுட்டுப் பார்த்தா யாருக்குத் தெரியும்?”

அவள் வீட்டுக்குத் திரும்பினாள். செருப்பைக் கழற்றியவள், அடுப்படிக்குள் ஒரு வெளிச்சம் அசைவதைப் பார்த்தாள். துபாயிலிருந்து மகன் லீவில் வந்துபோனதில் உண்டாகி, நிறைமாதத்தை நெருங்கிய வயிற்றோடு மருமகள் சுகந்தி, அரிசி மூட்டைக்குப் பின்னால் சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, போனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சத்தம் இல்லை. அந்தச் சின்னக் கண்ணாடிக்குள் வடிவின் கை மேலே வந்துகொண்டிருந்தது. சுகந்தியின் கன்னம் நனைந்திருந்தது.

மாமியாரைப் பார்த்ததும் சுகந்திக்குப் போன் கைநழுவியது.

“அத்தே... லாரித் தண்ணி குடிச்சா குடல் வெளிய வர்ற மாதிரி வாந்தி வருது அத்தே. ஒரு சொம்பு, ஒரே ஒரு சொம்புக்குத்தான். சத்தியமா நேத்துப் பாக்கல.”

பஞ்சவர்ணம் குனிந்து போனை எடுத்தாள். படம் ஓடிக்கொண்டிருந்தது. அணைக்கிற இடம் அவளுக்குத் தெரியும், மகன் சொல்லிக்கொடுத்திருக்கிறான். மருமகளின் உலர்ந்த உதட்டைப் பார்த்தாள். காலில் வீக்கத்தைப் பார்த்தாள். வயிற்றைப் பார்த்தாள். பிறகு போனை அவள் கையிலேயே திருப்பிக் கொடுத்துவிட்டு, சொம்பை எடுத்துக்கொண்டு மாடியேறினாள்.

கனகவேணி தொட்டியில் தலைசாய்த்து உட்கார்ந்திருந்தாள். முடியின் நுனியிலிருந்து மெல்லிய நூலாகத் தண்ணீர் இறங்கிக்கொண்டிருந்தது. பஞ்சவர்ணம் வாசலில் சொம்போடு நின்றாள். உள்ளே வரவும் முடியவில்லை, திரும்பிப் போகவும் முடியவில்லை.

“உங்க வீட்லதானா?” என்றாள் கனகவேணி.

“ஆமாக்கா.”

“சுகந்தியா? எத்தனை மாசம் இப்ப?”

“ஒம்பது.”

“கொண்டா” என்று கையை நீட்டினாள். சொம்பை வாங்கி, தன் முடியை அதற்குள் விட்டுப் பிடித்துக்கொண்டாள். இருமல் வந்தது, சொம்பு ஆடாமல் இருமினாள். பஞ்சவர்ணம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

“அக்கா, அன்னைக்கு நான் பொய் சொன்னேன். நானும் கரையில நின்னேன். நீங்க கூப்பிட்டது எனக்குக் கேட்டுச்சு. பள்ளம் இருக்கதும் தெரியும். நீச்சலும் தெரியும்க்கா எனக்கு.”

சொம்பு விளிம்புவரை நிறைந்தது.

“தெரியும்” என்றாள் கனகவேணி. “கரையில நிக்கிறவங்களுக்குத்தான் தண்ணிக்குள்ள இருக்கவ முகம் சரியாத் தெரியாது. தண்ணிக்குள்ள இருந்து பார்த்தா, கரையில இருக்க முகம் ஒவ்வொண்ணும் நல்லாத் தெரியும். உன் மூக்குத்திகூடத் தெரிஞ்சுது.”

“அப்புறம் ஏன்க்கா இந்த ஊருக்கு வந்தீக?”

கனகவேணி தலையைத் தொட்டியின் விளிம்பில் வைத்துக் கண்ணை மூடிக்கொண்டாள். “கேக்கணும்னு வந்தேன். வந்து உங்க குடத்தை எல்லாம் பார்த்ததும் கேக்க வாய் வரல. எடுத்துட்டுப் போ, சூடாக்கிக் குடு அந்தப் பொண்ணுக்கு.”

பஞ்சவர்ணம் எடுத்துப்போய்ச் சூடாக்கிக் கொடுத்தாள். சுகந்தி குடித்தாள். மறுநாளும் கேட்டாள். மறுநாளும் கொடுத்தாள்.

சுகந்திக்குப் பெண் குழந்தை பிறந்து, ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த வாரத்தில், ஒரு வெள்ளிக்கிழமை காலை, பஞ்சவர்ணம் காப்பி எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனபோது கனகவேணி தொட்டியில் தலைசாய்த்தபடியே இறந்துபோயிருந்தாள். முகம் அமைதியாகத்தான் இருந்தது. மூக்கின் ஓரத்தில் ஒரு சின்ன நீர்க்குமிழி உடையாமல் நின்றது. பஞ்சவர்ணம் அதைத் தன் விரலால் துடைத்தாள்.

சங்கு ஊதினார்கள். ஊர் கூடியது. வாசலில் பெஞ்சு போட்டு உடம்பைக் கிடத்தினார்கள். குளிப்பாட்டத் தண்ணீர் வேண்டும். லாரி வருவதற்கு இன்னும் நாள் இருந்தது. தலைவர் வீரபத்திரன் யார் முகத்தையும் பார்க்காமல், “வீட்டுல யார்கிட்டயாவது கொஞ்சம் தண்ணி இருந்தா...” என்றார்.

கொஞ்ச நேரம் யாரும் நகரவில்லை. பிறகு சூடத்தின் மேல் முதல் ஆளாகக் கை வைத்துச் சத்தியம் செய்த தலைவரின் பெண்சாதியே எழுந்து போனாள். ஒரு நீலக் குடத்தோடு வந்தாள். அதற்கப்புறம் அன்று கூட்டத்தில் “அப்ப தண்ணிக்கு?” என்று மெதுவாகக் கேட்ட கைக்குழந்தைக்காரி எழுந்து போனாள். அதற்கப்புறம் டீக்கடைக்காரர் வீட்டிலிருந்து, கொத்தனார் வீட்டிலிருந்து, வாத்தியார் வீட்டிலிருந்து. பச்சைக் குடம், ஆரஞ்சுக் குடம், எவர்சில்வர் அண்டா, ஊறுகாய் ஜாடி, குழந்தைகள் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோகிற பாட்டில். சோலைராசு மூடி போட்ட பெயின்ட் வாளியைத் தோளில் தூக்கிவந்து வைத்துவிட்டு, சுவரைப் பார்த்து நின்றுகொண்டான். வாசல் நிறைந்து, தெரு நிறைந்து, குடம் வைக்க இடம் இல்லாமல் போயிற்று. மூடியைத் திறக்கத் திறக்க, அல்லிக் கிழங்கும் வண்டலும் நாணல் வேரும் கலந்த அந்த ஒரே வாசனை தெருவெல்லாம் எழும்பியது. யாரும் யாரையும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்பதற்கு அங்கே ஒருவருக்கும் வாய் இல்லை. பஞ்சவர்ணம் உள்ளே போய், மீதம் இருந்த சொம்பைக் கொண்டுவந்து வரிசையின் கடைசியில் வைத்தாள்.

அத்தனையும் ஊற்றினார்கள். குடம் குடமாக ஊற்றினார்கள். ஒரு சொட்டுக்கூட வீட்டுக்குத் திரும்பக் கூடாது என்பதுபோல ஊற்றினார்கள். தண்ணீர் தெருவில் ஓடி, மேட்டிலிருந்து இறங்கி, வறண்ட கண்மாயின் விளிம்புவரை போய் மண்ணில் மறைந்தது. பட்டுப்புடவை சாத்தி, பொட்டு வைத்து, பாடையில் ஏற்றினார்கள். சொந்தம் என்று யாரும் இல்லாததால் கொள்ளி வைக்க சோலைராசு மொட்டை போட்டுக்கொண்டான்.

பாடை நகர்ந்ததும்தான் பார்த்தார்கள். துடைத்து முடிந்த கூந்தலிலிருந்து மறுபடியும் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. கொம்பனேந்தலில் அந்த நேரம் ஒரு டிவியும் ஓடவில்லை, ஒரு போனும் கையில் இல்லை, ஊரே தெருவில் நின்றது. எங்கோ ஒரு ஊரில், ஏதோ ஒரு அறையில், அவளை அறியாத யாரோ ஒருவர் அந்தப் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பஞ்சவர்ணம் கூட்டத்திலிருந்து வெளியே வந்து, பாடையின் தலைமாட்டில் நடந்து, தொங்கிய கூந்தலைத் தன் முந்தானையில் ஏந்திக்கொண்டாள். ஊர் எல்லையில் பெண்கள் நின்றுவிட்டார்கள். அவள் நிற்கவில்லை.

“தாயி, பொம்பளைக இதுக்கு மேல வரப்படாது” என்றார் தலைவர்.

“நீங்க நடங்க” என்றாள் பஞ்சவர்ணம்.

சுடுகாட்டில் கட்டையை அடுக்கிக் கிடத்திய பிறகும் தலைமாட்டு விறகு நனைந்துகொண்டே இருந்தது. சோலைராசு கொள்ளியோடு நின்றான். ஒருவர் மண்ணெண்ணெய் ஊற்றலாமா என்றார். பஞ்சவர்ணம் வேண்டாம் என்று கையைக் காட்டிவிட்டு, கட்டைக்குப் பக்கத்தில் மண்ணில் உட்கார்ந்து, ஈரமான கூந்தலை மடியில் போட்டு, முந்தானையால் துவட்ட ஆரம்பித்தாள். ஆண்கள் எல்லாம் கொஞ்ச நேரம் நின்றார்கள், பிறகு ஒருவர் பின் ஒருவராக அவளைச் சுற்றி உட்கார்ந்தார்கள். வெயில் மேற்கே சாய்ந்தது. எங்கோ இருக்கும் அந்த மனிதர் படத்தைப் பாதியில் நிறுத்திவிட்டுச் சாப்பிடப் போயிருக்கலாம், திரும்ப வந்து முதலிலிருந்து போட்டிருக்கலாம், கூட யாரையாவது அழைத்துக் காட்டியிருக்கலாம். சொட்டுவது நின்று நின்று வந்தது. அவள் முந்தானையைப் பிழிந்து பிழிந்து துவட்டினாள். யாரும் அவசரப்படுத்தவில்லை.

கடைசியில் அவள் அடிமயிருக்குள் விரலை விட்டு, நுனிவரை மெதுவாகக் கோதிப் பார்த்தாள். மறுபடியும் ஒரு தரம் பார்த்தாள். கூந்தலை ஒழுங்காகச் சேர்த்துக் கொண்டையிட்டுத் தலைமாட்டில் வைத்துவிட்டு எழுந்தாள்.

“காஞ்சிருச்சு” என்றாள். “வையி.”